பிணக்குழியும் பார்த்து நின்ற மனிதரும் ஒரே சட்டகத்தில்: சிட்னி பேர்ன்ஸ்டைன் விட்டுச்சென்ற பாடம்

கடந்த வருடம் மே மாதத்தில் ஓர் இரவு, அம்மாவும் நானும் வீட்டில் தொலைக்காட்சி பார்த்துக்கொண்டிருந்தோம். வன்னியின் இறுதி யுத்தம் பற்றிய ஆவணப்படம் ஒன்று போய்க்கொண்டிருந்தது. 2009 ஆம் ஆண்டில் சனம் பட்ட பாட்டைப் பின்னணிக் குரல் சொல்லிக்கொண்டிருக்க, திரையில் மழையில் நனைந்தபடி மக்கள் நடந்துகொண்டிருந்தார்கள். தலையில் மூட்டை, சைக்கிளின் ஹாண்டிலில் வாளி, கரியரில் ஒரு கிழவி. அம்மா எழுந்து தொலைக்காட்சிக்குக் கிட்டப் போனார். அது வன்னி இல்லை, நாவற்குழிப் பாலம் என்றார்.

1995 ஒக்டோபர் 30 ஆம் திகதி இரவு வலிகாமத்தை விட்டு வெளியேறிய இலட்சக்கணக்கானவர்களில் அம்மாவும் ஒருவர். அப்போது நான் அவருடைய இடுப்பில் இருந்த பிள்ளை. அந்தப் பாலத்தை அவர் மறக்க நியாயமில்லை.

அந்தப் படத்தை எடுத்தவர்களுக்கு மின்னஞ்சல் எழுதினேன். பதில் வரவில்லை. நண்பர்களிடம் சொன்னபோது, இடம்பெயர்வு எல்லாம் ஒரே மாதிரித்தானே, இதில் என்ன பெரிய பிழை என்றார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. 2009 இல் நடந்ததாகக் குரல் சொன்னது உண்மை. 1995 இல் நடந்ததாகப் படம் காட்டியதும் உண்மை. இரண்டையும் ஒட்டியபோது பொய்யாகிவிட்டது. நடந்த எதையும் மறுக்க விரும்பும் ஒருவருக்கு இப்படியான ஒரு பொய் போதும். ஒரு காட்சி பிழையென்று காட்டிவிட்டு மற்ற எல்லாமே பிழை என்று சொல்லிவிடலாம்.

அன்றிரவு எனக்கு ஞாபகம் வந்தவர் சிட்னி பேர்ன்ஸ்டைன். ஊடகக் கற்கை வகுப்பில் அவருடைய பெயர் கிரனாடா தொலைக்காட்சியின் நிறுவனர் என்ற ஒரு வரியோடு கடந்து போனது. அவர் 1945 இல் எடுக்கத் தொடங்கிய ஆவணப்படம் ஒன்றைப் பற்றிப் பிறகுதான் வாசித்தேன். அந்தப் படம் 69 வருடங்கள் முடிக்கப்படாமல் கிடந்தது. பழைய காட்சிகளை எப்படிச் சாட்சியாக்குவது, சாட்சியாக்கிய பின்னும் அவை எப்படி அலுமாரிக்குள் போகக்கூடும் என்ற இரண்டையும் அவருடைய வாழ்க்கை சொல்கிறது.

திரையரங்குக்காரரின் மகன்

1899 ஜனவரி 30 ஆம் திகதி, லண்டனின் கிழக்கே இருக்கும் இல்ஃபோர்ட்டில், ஒரு யூதக் குடும்பத்தில் சிட்னி பேர்ன்ஸ்டைன் பிறந்தார். தந்தை அலெக்சாண்டர் காணி, கட்டட வியாபாரத்தோடு சில திரையரங்குகளையும் வைத்திருந்தார். சிட்னி 15 வயதில் பள்ளிக்கூடத்தை விட்டார். 1922 இல் தந்தை இறந்தபோது அந்தத் திரையரங்குகள் அவருடைய கைக்கு வந்தன. தம்பி செசிலோடு சேர்ந்து அதைப் பெரும் வியாபாரமாக வளர்த்தார். ஸ்பெயினில் விடுமுறையைக் கழித்தபோது பார்த்துப் பிடித்துப்போன கிரனாடா நகரத்தின் பெயரையே தன் திரையரங்குகளுக்குச் சூட்டினார். 1931 இல் லண்டன் டூட்டிங்கில் திறக்கப்பட்ட கிரனாடா, உள்ளே போனால் தேவாலயத்துக்குள் நிற்பதுபோல இருக்கும். ரஷ்யாவிலிருந்து வந்த நாடக இயக்குநர் தியோடர் கொமிசார்ஷெவ்ஸ்கி அதன் உள் அலங்காரத்தைச் செய்தார்.

வியாபாரி என்றாலும் அவருக்குச் சினிமாப் பித்து இருந்தது. தன் அரங்குகளுக்கு வரும் சனத்திடம் எந்தப் படம் பிடிக்கும், எந்த நடிகர் பிடிக்கும் என்று வினாக்கொத்துக் கொடுத்து விசாரித்தவர் அவர். 1925 இல் லண்டனில் தொடங்கப்பட்ட ஃபிலிம் சொசைட்டியின் ஆரம்ப உறுப்பினர்களில் ஒருவர். பொது அரங்குகளில் தடைசெய்யப்பட்ட படங்களை அங்கத்தவர்களுக்கு மட்டும் காட்டிய சங்கம் அது. ஐசன்ஸ்டைனின் 'போர்க்கப்பல் பொட்டெம்கின்' 1929 இல் அங்குதான் திரையிடப்பட்டது. தணிக்கை என்றால் என்ன, ஒரு படத்தைக் கண்டு அரசாங்கம் ஏன் பயப்படுகிறது என்பதையெல்லாம் பேர்ன்ஸ்டைன் அப்போதே அருகிலிருந்து பார்த்துவிட்டார்.

1933 இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்த பின், ஜேர்மனியிலிருந்து தப்பிவந்த கலைஞர்களுக்கு உதவினார். நாசி எதிர்ப்பு வேலைகளில் பகிரங்கமாக ஈடுபட்டார். யுத்தம் தொடங்கியதும், 1940 இல் பிரித்தானியத் தகவல் அமைச்சில் திரைப்பட ஆலோசகரானார். பின்னர் நேச நாடுகளின் கூட்டுத் தலைமையகத்தில் உளவியல் யுத்தப் பிரிவின் திரைப்பட வேலைகளும் அவருடைய பொறுப்பில் வந்தன. பிரசாரம் எப்படிச் செய்யப்படுகிறது என்பது அவருக்கு நன்றாகத் தெரியும். செய்தவர்களில் அவரும் ஒருவர். பெல்சனில் அவர் நடந்துகொண்ட விதத்துக்கு இதுவே காரணம் என்று நினைக்கிறேன். ஒரு காட்சியை எப்படியெல்லாம் பொய்யாக்கலாம் என்று அறிந்தவருக்குத்தான், பொய் என்று சொல்லமுடியாத காட்சியை எப்படி எடுக்கவேண்டும் என்பதும் தெரிந்திருக்கும்.

பெல்சனில் கமரா

1945 ஏப்ரல் 15 ஆம் திகதி பிரித்தானியப் படையினர் வட ஜேர்மனியில் உள்ள பேர்கன்-பெல்சன் முகாமுக்குள் போனார்கள். ஏறத்தாழ 60,000 பேர் உயிரோடு இருந்தார்கள். அடக்கம் செய்யப்படாத ஆயிரக்கணக்கான உடல்கள் வெளியே கிடந்தன. தைபஸ் காய்ச்சல் முகாம் முழுவதும் பரவியிருந்தது. ஆன் ஃபிராங்க் என்ற சிறுமி சில வாரங்களுக்கு முன்னர்தான் அங்கே இறந்திருந்தாள். மீட்கப்பட்ட பின்னும் ஆயிரக்கணக்கானவர்கள் இறந்துகொண்டே இருந்தார்கள்.

இராணுவத்தோடு அதன் திரைப்பட, புகைப்படப் பிரிவினரும் போனார்கள். இவர்கள் பெயர்பெற்ற சினிமாக்காரர்கள் அல்ல. படப்பிடிப்புப் பயிற்சி பெற்ற சிப்பாய்கள். அவர்களின் கமராக்களில் ஒலி பதியாது. ஒவ்வொரு சுருளையும் அனுப்பும்போது கூடவே ஒரு குறிப்புத்தாளும் அனுப்பவேண்டும் என்பது அந்தப் பிரிவின் ஒழுங்கு. எந்த இடம், எந்தத் திகதி, காட்சியில் என்ன தெரிகிறது, எடுத்தவர் யார் என்று அதில் எழுதவேண்டும். பிணங்களுக்கு நடுவே நின்றபோதும் அவர்கள் அந்தத் தாளை நிரப்பினார்கள்.

சில நாட்களில் பேர்ன்ஸ்டைன் அங்கே வந்தார். ஏப்ரல் 22 ஆம் திகதி அவர் முகாமைப் பார்த்தார். இதை ஜேர்மன் மக்களுக்கும் உலகத்துக்கும் காட்ட ஒரு முழுநீளப் படம் வேண்டும் என்று தீர்மானித்தார். படப்பிடிப்பாளர்களுக்கு அவர் கொடுத்த அறிவுறுத்தல் முக்கியமானது. பிணங்களை மட்டும் எடுக்கவேண்டாம், பார்க்க அழைத்துவரப்படும் அயலூர் ஜேர்மனியரையும் பிணக்குழியையும் ஒரே சட்டகத்துக்குள் எடுங்கள் என்றார். அயலூர்களின் மேயர்கள் குழிக்கு அருகே வரிசையாக நிறுத்தப்பட்டு அவ்வாறே படமாக்கப்பட்டார்கள். முகாமில் காவலுக்கு நின்ற எஸ்.எஸ். ஆட்கள் தங்கள் கைகளாலேயே பிணங்களைச் சுமந்து குழியில் இடுவதும் பதிவானது. பிரித்தானிய மூவிடோன் செய்திப்படக் குழுவின் ஒலிப்பதிவு வசதியைக்கொண்டு, அங்கே நின்றவர்களின் பேச்சும் அந்த இடத்திலேயே பதிவுசெய்யப்பட்டது. பேசியவர்களுக்குப் பின்னால் குழி தெரிந்தது.

இதில் அவருடைய கணக்கு எளிமையானது. பிணத்தைத் தனியாக எடுத்தால், அது எங்கேயோ எடுத்த படம் என்று நாளைக்கு ஒருவர் சொல்வார். மேயரைத் தனியாக எடுத்தால், அவர் அங்கே போகவேயில்லை என்பார்கள். இரண்டையும் வெட்டி ஒட்டினால், மேசையில் செய்த வேலை என்பார்கள். ஒரே காட்சியில் இரண்டும் இருந்தால் மறுப்பது கடினம். இந்தக் கொடுமை மறுக்கப்படும் என்பதை, முகாம்கள் திறக்கப்பட்ட அந்த வாரங்களிலேயே அவர் எதிர்பார்த்திருந்தார்.

ஹிட்ச்கொக் வந்து போன மாதம்

பேர்ன்ஸ்டைனுக்குப் பழைய நண்பர் ஒருவர் இருந்தார். அல்பிரட் ஹிட்ச்கொக். ஹொலிவூட்டில் புகழின் உச்சியில் இருந்த அவரை அழைத்தார். 1945 ஜூன் கடைசியில் லண்டன் வந்த ஹிட்ச்கொக் ஏறத்தாழ ஒரு மாதம் தங்கி ஆலோசனை வழங்கினார். இன்று பலர் இதை ஹிட்ச்கொக்கின் படம் என்கிறார்கள். அது சரியல்ல. அவர் ஒரு காட்சியைக்கூட எடுக்கவில்லை. படத்தொகுப்பில் உட்கார்ந்தவர்கள் ஸ்ருவர்ட் மக்கலிஸ்டரும் பீற்றர் ரனரும். உரையை எழுதியவர்கள் பத்திரிகையாளர் கொலின் வில்ஸும், பின்னாளில் அமைச்சரான ரிச்சர்ட் குரொஸ்மனும்.

ஆனால் ஹிட்ச்கொக் சொன்ன இரண்டு விடயங்கள் படத்தைத் தீர்மானித்தன. ஒன்று, முடிந்தவரை வெட்டாத நீண்ட காட்சிகளைப் பயன்படுத்துங்கள், கமரா ஒரு முகத்திலிருந்து இன்னொன்றுக்கு நகர்ந்து போவதைப் பார்ப்பவர் காணட்டும் என்பது. மற்றது வரைபடம். முகாமைச் சுற்றி வட்டம் போட்டு, அருகே இருந்த ஊர்கள் எவ்வளவு கிட்ட என்று காட்டச் சொன்னார். பிணங்கள் குவிந்துகிடந்த இடத்துக்குச் சில மைல் தூரத்தில் மக்கள் சாதாரணமாகத் தோட்டம் செய்தார்கள், ஏரிக்கரையில் ஓய்வெடுத்தார்கள். எங்களுக்குத் தெரியாது என்று சொன்னவர்களுக்கு வரைபடமே பதிலாக இருந்தது.

பெல்சனில் பிரித்தானியர் எடுத்தவற்றோடு, டக்காவ், புக்கன்வால்ட் முகாம்களில் அமெரிக்கர் எடுத்தவையும் சேர்க்கப்பட்டன. மய்டானெக், அவுஷ்விற்ஸ் முகாம்களில் சோவியத் படப்பிடிப்பாளர்கள் எடுத்தவை ஆறாவது சுருளுக்கென்று ஒதுக்கப்பட்டன.

அலுமாரிக்குள் போன படம்

படம் முடியவில்லை. 1945 ஜூலையில் கூட்டுத் தலைமையகம் கலைக்கப்பட்டது. அமெரிக்கர் விலகிக்கொண்டு, பில்லி வைல்டரின் மேற்பார்வையில் 'மரண ஆலைகள்' என்ற குறும்படத்தைத் தனியாக முடித்து ஜேர்மனியில் காட்டினார்கள். பிரித்தானிய அரசின் மனநிலையும் மாறிக்கொண்டிருந்தது. தோற்றுக் கிடந்த ஜேர்மனியைக் கட்டியெழுப்பவேண்டும், அதன் மக்களின் ஒத்துழைப்பு வேண்டும், சோர்ந்துபோயிருப்பவர்களுக்கு இப்படியான படம் எதற்கு என்ற எண்ணம் வெளியுறவு அமைச்சில் வலுத்தது. ஓகஸ்ட் மாதம் பேர்ன்ஸ்டைனுக்கு அந்தக் கருத்தில் ஒரு குறிப்பும் வந்தது. செப்டெம்பர் 29 ஆம் திகதி, ஆறில் ஐந்து சுருள்கள் மட்டும் கொண்ட பூர்த்தியாகாத பிரதி திரையிடப்பட்டது. அதன்பின் வேலை நின்றுபோனது. பேர்ன்ஸ்டைனும் அமைச்சை விட்டு வெளியேறினார்.

யாரும் படத்தைத் தடைசெய்யவில்லை, எரிக்கவில்லை. காலம் பொருத்தமில்லை என்று தள்ளிவைத்தார்கள், அவ்வளவுதான். நல்லிணக்கம் வேண்டும், பழைய புண்ணைக் கிளறவேண்டாம் என்ற சொற்கள் எங்களுக்குப் புதியவை அல்ல. அவற்றைச் சொல்பவர்கள் எல்லோரும் கெட்டவர்கள் என்று நான் சொல்லவரவில்லை. 1945 இல் ஜேர்மனியைக் கட்டியெழுப்ப நினைத்ததிலும் நியாயம் இருந்தது. ஆனால் அந்த நியாயத்துக்கான விலையை யார் கொடுத்தார்கள் என்று கேட்கவேண்டும். பிணக்குழிக்குள் கிடந்தவர்களும், உயிர்தப்பி வந்து தங்கள் கதையை நம்புவார் இல்லாமல் நின்றவர்களும்தான் கொடுத்தார்கள்.

படம் நின்றாலும் காட்சிகள் வீணாகவில்லை. அந்த வருடமே லூனபேர்க்கில் நடந்த பெல்சன் வழக்கில் முகாமில் எடுத்த படங்கள் நீதிமன்றத்தில் காட்டப்பட்டன. 1945 நவம்பர் 29 ஆம் திகதி நூரம்பேர்க்கில் நேச நாட்டுப் படையினர் எடுத்த முகாம் காட்சிகள் திரையிடப்பட்டன. அதுவரை அலட்சியமாக இருந்த குற்றவாளிக் கூண்டு அந்த ஒரு மணி நேரத்தில் மாறிப்போனது.

கிரனாடா: 25 வருடத்துக்கு முந்திய வாரம்

யுத்தத்துக்குப் பின் பேர்ன்ஸ்டைனும் ஹிட்ச்கொக்கும் கூட்டாக ஒரு நிறுவனம் நடத்தினார்கள். வெட்டுகளை முடிந்தவரை மறைத்து நீண்ட காட்சிகளால் அமைந்த 'ரோப்' 1948 இல் வந்தது. அந்த நிறுவனம் நீடிக்கவில்லை. பேர்ன்ஸ்டைனின் இரண்டாவது வாழ்க்கை தொலைக்காட்சியில் தொடங்கியது.

பிரித்தானியாவில் வர்த்தகத் தொலைக்காட்சிக்கு அனுமதி கிடைத்தபோது, அவர் வட இங்கிலாந்தின் வாரநாட்களைத் தேர்ந்தெடுத்தார். சனத்தொகை வரைபடத்தையும் மழைவீழ்ச்சி வரைபடத்தையும் ஒன்றின்மேல் ஒன்று வைத்துப் பார்த்து, சனமும் மழையும் அதிகமான இடத்தை எடுத்ததாக அவர் சொன்ன பகிடி இன்றும் சொல்லப்படுகிறது. 1956 மே 3 ஆம் திகதி மன்செஸ்டரிலிருந்து கிரனாடா தொலைக்காட்சி ஒளிபரப்பைத் தொடங்கியது. 1958 இல் ரொச்டேல் இடைத்தேர்தலைத் தொலைக்காட்சிக்குக் கொண்டுவந்தது. அதுவரை தேர்தல் காலத்தில் தொலைக்காட்சி வாயைப் பொத்திக்கொண்டிருந்தது. 1960 இல் 'கொரோனேஷன் ஸ்ட்ரீட்' தொடர்நாடகமும், 1963 இல் 'வேர்ல்ட் இன் அக்ஷன்' என்ற புலனாய்வு நிகழ்ச்சியும் வந்தன.

என்னுடைய கதைக்கு முக்கியமானது 1960 இல் தொடங்கிய 'ஓல் அவர் யெஸ்ரடேஸ்' என்ற நிகழ்ச்சி. ஒவ்வொரு வாரமும், சரியாக 25 வருடத்துக்கு முன் அதே வாரத்தில் திரையரங்குகளில் ஓடிய செய்திப்படங்களை எடுத்துக் காட்டுவார்கள். பத்திரிகையாளர் பிரையன் இங்கிலிஸ் 1961 முதல் 1973 வரை அதைத் தொகுத்து வழங்கினார். அந்தச் செய்திப்படங்கள் ஒரு காலத்தில் பேர்ன்ஸ்டைனைப் போன்றவர்களின் திரையரங்குகளில் பிரதான படத்துக்கு முன்னர் ஓடி மறந்துபோனவை. 25 வருடம் கழித்து அதே சனம் வீட்டில் இருந்து பார்த்தபோது, காட்டப்பட்டது மட்டுமல்ல, காட்டப்படாததும் தெரியத் தொடங்கியது. செய்தியாக வந்தது ஆவணமாகிவிட்டது.

1967 இல் ரஷ்யப் புரட்சியின் 50 ஆவது ஆண்டுக்கு கிரனாடா ஓர் ஆவணப்படம் தயாரித்தது. நோர்மன் சுவாலோவோடு அதை இயக்கிய கிரிகோரி அலெக்சான்ட்ரோவ், ஐசன்ஸ்டைனோடு சேர்ந்து 'ஒக்டோபர்' படத்தை இயக்கியவர். அந்தக் கதைப்படத்தில் குளிர்கால மாளிகையைச் சனம் முற்றுகையிடும் காட்சி, புரட்சி நடந்து பத்து வருடம் கழித்து நடிக்கவைத்து எடுக்கப்பட்டது. உலகின் எத்தனையோ ஆவணப்படங்களில் அது 1917 இன் உண்மைக் காட்சியாகவே வந்துபோயிருக்கிறது. பழைய காட்சியின் ஆபத்து இதுதான். கறுப்பு வெள்ளையில் இருந்தால், கொஞ்சம் கீறல் விழுந்திருந்தால், நாங்கள் நம்பிவிடுகிறோம்.

பெல்சனுக்கும் இது நடந்தது. தொற்றுநோய்க்குப் பயந்து, பிரித்தானியச் சிப்பாய் ஒருவர் புல்டோசரால் உடல்களைக் குழிக்குள் தள்ளும் காட்சி உலகம் முழுக்கத் தெரிந்தது. மீட்ட பின் எடுத்த காட்சி அது. ஆனால் அதை அவுஷ்விற்ஸ் என்றும், புல்டோசரை ஓட்டுபவர் நாசி என்றும் நினைப்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். குறிப்புத்தாளில் சரியாக எழுதப்பட்டிருந்தும், காட்சி கைமாறிக் கைமாறிப் போனபோது தாள் கூடப் போகவில்லை.

1969 இல் பேர்ன்ஸ்டைன் பிரபுப் பட்டம் பெற்றார். 1970களில் ஒரு நிறுவனம் ஆகாயத்திலிருந்து அவருடைய கென்ட் வீட்டைப் படம் எடுத்து, அந்தப் படத்தை அவருக்கே விற்க வந்தது. கோபத்தில் வழக்குப் போட்டார். காணிக்கு மேலே இருக்கும் ஆகாயம் முழுவதும் காணிக்காரருக்குச் சொந்தமில்லை என்று நீதிமன்றம் சொல்லிவிட்டது. சட்ட மாணவர்கள் இன்றைக்கும் அந்த வழக்கைப் படிக்கிறார்கள். வாழ்நாள் முழுக்க மற்றவர்களைப் படமெடுத்த தொழிலில் இருந்தவருக்கு, தன்னைக் கேட்காமல் தன் வீட்டைப் படமெடுத்தது பொறுக்கவில்லை. இதை வாசித்தபோது சிரித்தேன். பிறகு பெல்சனின் அந்த உடல்களை யோசித்தேன். அவர்களிடமும் யாரும் கேட்கவில்லை, கேட்டிருக்கவும் முடியாது. அதனால்தான் அவர்களைக் காட்டும்போது யார், எங்கே, எப்போது என்பதையாவது சரியாகச் சொல்லும் கடன் எங்களுக்கு இருக்கிறது.

69 வருடங்கள்

முடிக்கப்படாத படத்தின் சுருள்கள் 1952 இல் லண்டனின் இம்பீரியல் போர் நூதனசாலைக்குப் போய்ச் சேர்ந்தன. ஐந்து சுருள் பிரதி, தொகுக்கப்படாத சுருள்கள், உரை, தட்டச்சு செய்த காட்சிப் பட்டியல். பெயர்கூட இல்லாத படம் என்பதால் F3080 என்ற கோப்பு எண்ணால் குறிப்பிட்டார்கள். 1984 இல் பேர்லின் திரைப்பட விழாவில் ஐந்து சுருள்கள் காட்டப்பட்டன. 1985 மே மாதம் அமெரிக்கப் பொதுத் தொலைக்காட்சியில் 'மெமரி ஒஃப் த காம்ப்ஸ்' என்ற பெயரில் வந்தது. அதே வருடம் கிரனாடா இந்தப் படத்தின் கதையைத் தனி ஆவணப்படமாக எடுத்தபோது, 86 வயது பேர்ன்ஸ்டைன் கமரா முன் அமர்ந்து, 40 வருடத்துக்கு முன் தான் என்ன செய்ய நினைத்தேன் என்று விளக்கினார். மறுக்கமுடியாத ஆதாரமாக இருக்கவேண்டும் என்பதே அப்போதும் அவருடைய பேச்சின் சாரம்.

1993 பெப்ரவரி 5 ஆம் திகதி, 94 வயதில் அவர் காலமானார். படம் அப்போதும் முழுமையாகவில்லை. பிறகு நூதனசாலையின் திரைப்படப் பிரிவினர் பல வருடங்கள் வேலை செய்து, 1945 இன் காட்சிப் பட்டியலை வைத்து ஒவ்வொரு காட்சியாகத் தேடி எடுத்து, ஆறாவது சுருளையும் கட்டி, எழுதியிருந்த உரையைப் புதிதாக ஒலிப்பதிவு செய்து, 2014 இல் படத்தை முடித்தார்கள். அதே வருடம் அந்தக் கதையைச் சொல்லும் 'நைட் வில் ஃபோல்' ஆவணப்படமும் வந்து பல நாட்டுத் தொலைக்காட்சிகளில் ஒளிபரப்பானது.

அந்தப் படத்திலும் குறை இருக்கிறது. இறந்தவர்களில் பெரும்பாலோர் யூதர்கள், யூதர் என்பதற்காகவே கொல்லப்பட்டவர்கள் என்ற விடயம் உரையில் அழுத்தமாக வரவில்லை. எல்லோரும் மனிதர், எல்லா நாட்டவரும் இருந்தார்கள் என்று பொதுவாகச் சொல்லிப் போகிறது. பேர்ன்ஸ்டைனே யூதர். ஆனால் அன்றைய அரச கொள்கைக்குள் நின்று எடுத்த படம் அது. காட்சி உண்மையாக இருந்தும், யார் கொல்லப்பட்டார்கள் என்பதைச் சொல் மங்கலாக்கிவிடலாம் என்பதற்கு அதுவே சாட்சி.

எங்கள் சுருள்கள்

எங்கள் கதையில் பேர்ன்ஸ்டைன் போன்ற ஒருவர் இல்லை. பெல்சனை மீட்கப் போனவர்களிடம் கமரா இருந்தது. இங்கே அழிவுக்குள் இருந்தவர்களும், அழித்தவர்களும் கைத்தொலைபேசியில் எடுத்தவைதான் மிஞ்சின. 2009 ஓகஸ்டில் பிரித்தானியாவின் சனல் 4 அப்படியான ஒரு காணொளியை ஒளிபரப்பியபோது, அது போலி என்று இலங்கை அரசு சொன்னது. 2010 ஜனவரியில், ஐ.நா.வின் விசேட அறிக்கையாளர் நியமித்த நிபுணர்கள் அது உண்மையானதாகவே தெரிகிறது என்று அறிவித்தார்கள். அதன் பிறகுதான் 2011 இன் ஆவணப்படமும் மற்றவையும் வந்தன. ஒரு காட்சியை நிரூபிக்க நிழல், ஒலி, படக்கோப்பின் தரவு என்று எத்தனை பேர் எத்தனை மாதம் பாடுபட்டார்கள். அந்தப் பாடு முழுவதையும், வேறு வருடத்தின் காட்சியை அவசரத்துக்கு ஒட்டும் ஒரு தொகுப்பாளர் ஒரு நிமிடத்தில் வீணாக்கிவிடலாம். அந்த இரவு எனக்கு வந்த கோபம் அதுதான்.

69 வருடம் கழித்து ஒரு படத்தை முடிக்கமுடிந்தது, யாரோ ஒருவர் 1945 இல் உட்கார்ந்து காட்சிப் பட்டியலைத் தட்டச்சு செய்து வைத்திருந்ததால். ஹிட்ச்கொக்கின் பெயரைவிட அந்தத் தாள்தான் படத்தைக் காப்பாற்றியது. எங்களிடம் காட்சிகள் இருக்கின்றன. பழைய ஒளிநாடாக்களில், வெளிநாட்டுச் சொந்தங்களின் பெட்டிகளில், யாரோ யாருக்கோ அனுப்பி அனுப்பித் தரம் தேய்ந்த கைத்தொலைபேசிக் கோப்புகளில். தாள்தான் இல்லை. அந்தத் தாளை எழுதக்கூடியவர்கள் வயதாகிக்கொண்டு போகிறார்கள். ஒரு பாலத்தைப் பார்த்த உடனே இது எது என்று சொல்லக்கூடிய அம்மாக்கள் எத்தனை பேர் இன்னும் எத்தனை வருடம் இருப்பார்கள்?

இதற்கு நிறுவனமோ நிதியோ வரும்வரை காத்திருக்கவேண்டியதில்லை. வீட்டில் ஒரு கொப்பி போதும். காட்சியைப் போட்டுக் காட்டி, தெரிந்தவர்களிடம் கேட்டு எழுதலாம். தெரியாததைத் தெரியாது என்றே எழுதலாம். ஊகத்தை எழுதாமல் விட்டாலே பாதி வேலை முடிந்தது.

போன மாதம் அம்மாவோடு உட்கார்ந்து, அந்த ஆவணப்படத்தில் வந்த 40 விநாடிக் காட்சியைத் திரும்பத் திரும்ப ஓடவிட்டேன். இடம், நாவற்குழிப் பாலம். திகதி, 1995 ஒக்டோபர் 31, காலை. ராத்திரி முழுக்க நடந்து விடிந்த பிறகுதான் பாலத்தைத் தாண்டியதாக அம்மாவுக்கு ஞாபகம். ஆட்களில் இரண்டு பேரை அடையாளம் கண்டார். ஒருவர் எங்கள் ஒழுங்கைக்காரர். மற்றவர் சைக்கிள் கரியரில் இருந்த கிழவி, அம்மாவுக்குத் தூரத்துச் சொந்தம், சாவகச்சேரிக்குப் போய்ச் சேர்ந்த பிறகு இறந்துபோனவர். எல்லாவற்றையும் எழுதி, அம்மாவின் பெயரையும் அன்றைய திகதியையும் கீழே போட்டேன். படம் எடுத்தவர் என்ற இடம் மட்டும் வெறுமையாக இருக்கிறது.